காலங்கள் கூடும் மலை

போர்ஹேயின் 'அலெஃப்' கதையை முதன்முதலாகப் படித்தபோது நான் முதுகலைத் தமிழ் மாணவன். 1945இல் வெளிவந்த அக்கதையில், புவனோஸ் அயர்ஸ் நகரத்து வீடொன்றின் நிலவறைப் படிக்கட்டுக்கு அடியில் ஒரு புள்ளி இருக்கிறது. உலகத்தின் எல்லா இடங்களும் ஒன்றையொன்று மறைக்காமல் அந்த ஒரு புள்ளியில் தெரியும். இடங்கள் கூடும் புள்ளி ஒன்று உண்டென்றால், காலங்கள் கூடும் புள்ளியும் எங்காவது இருக்கத்தானே வேண்டும் என்று விடுதி மொட்டைமாடியில் நண்பர்களோடு நள்ளிரவுவரை பேசிக்கொண்டிருந்தது நினைவிருக்கிறது. அத்தகைய இடங்கள் அயல்நாட்டுக் கதைகளில்தான் இருக்கும் என்பது அப்போது எங்கள் எண்ணம்.

அதே ஆண்டு, 2002இல், எங்கள் பேராசிரியர் எங்களை அரிட்டாபட்டிக்கு அழைத்துச் சென்றார். மதுரையிலிருந்து ஏறத்தாழ 25 கிலோமீட்டர் தொலைவில், மேலூர் வட்டத்தில் உள்ள சிற்றூர். பெரியாறு நீர் பாயும் வயல்களுக்கு நடுவே ஏழு குன்றுகள். அவற்றுள் கழிஞ்சமலையில் ஒரு குகை. அதில் சமணத் துறவியர்க்கான கற்படுக்கைகள். குகையின் நெற்றியில் ஈராயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட தமிழ்ப் பிராமி எழுத்துகள். நெல்வேலியைச் சேர்ந்த ஒருவர் அக்குகையைச் செய்வித்தார் என்பது செய்தி. குகையைக் குறிக்க அங்கே 'முழாகை' என்ற சொல் வருகிறது. சங்க இலக்கியத்தில் நாங்கள் படித்திருந்த 'முழை' என்ற சொல்லின் உறவு. ஏட்டில் இருந்த சொல்லைப் பாறையில் பார்த்தபோது உடல் சிலிர்த்தது.

அதே மலையில் இரண்டாவது தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு ஒன்று 2003இல் கண்டறியப்பட்டது. இலஞ்சியைச் சேர்ந்த வேள் ஒருவரின் மகன் செய்த கொடையைச் சொல்வது. செய்தியை அறிந்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. முந்தைய ஆண்டுதான் நாங்கள் இருபது பேர் அந்த மலையெங்கும் ஏறி இறங்கி, புகைப்படம் எடுத்து, புளியோதரை உண்டு திரும்பியிருந்தோம். எங்கள் ஒருவர் கண்ணிலும் அது படவில்லை.

அந்தச் சிறிய நிலப்பரப்பில் காலம் அடுக்கடுக்காகக் கிடக்கிறது. தமிழ்ப் பிராமிக்குப் பல நூற்றாண்டுகள் கழித்து, ஒன்பது பத்தாம் நூற்றாண்டு வாக்கில், அதே பாறையில் ஒரு தீர்த்தங்கரர் திருமேனி செதுக்கப்பட்டது. செய்வித்தவர் அச்சணந்தி என்ற சமணத் துறவி. அதனடியிலுள்ள வட்டெழுத்துக் கல்வெட்டு மலையைத் திருப்பிணையன் மலை என்கிறது. மலையை ஒட்டிச் சற்று நடந்தால், ஏழு எட்டாம் நூற்றாண்டைச் சேர்ந்த பாண்டியர் காலத்துச் சிவன் குடைவரை. அங்குள்ள லகுலீசர் சிற்பம் தமிழகத்தில் அரிதாகவே காணக்கூடியது. ஊரார் அக்குடைவரையை இடைச்சி மண்டபம் என்கிறார்கள். கருவறையில் சைவம், குகையில் சமணம், பெயரில் ஆடு மேய்க்கும் ஒரு பெண்ணின் நினைவு. இவற்றுள் ஒன்று மற்றொன்றை அழித்துக்கொண்டு வரவில்லை.

இதையெல்லாம் இருபது ஆண்டுகளாக வகுப்பில் சொல்லி வந்திருக்கிறேன். இறந்துபோன ஒன்றைப் பற்றிப் பேசும் குரலில்தான் சொல்லியிருக்கிறேன் என்பது 2025ஆம் ஆண்டின் தொடக்கத்தில்தான் எனக்கு உறைத்தது.

2022 நவம்பரில் தமிழக அரசு அரிட்டாபட்டியிலும் மீனாட்சிபுரத்திலுமாக 193.215 ஹெக்டேர் நிலத்தைப் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தது. தமிழகத்தில் இதுவே முதலாவது. லகர் வல்லூறும் ஷாஹீன் வல்லூறும் ராஜாளிக் கழுகும் அங்கே வாழ்கின்றன. அலங்கும் தேவாங்கும் இருக்கின்றன. சரியாக இரண்டே ஆண்டுகள் கழித்து, 2024 நவம்பரில், இத்தலத்தின் ஒரு பகுதியையும் உட்கொண்ட 2015.51 ஹெக்டேர் நிலம் 'நாயக்கர்பட்டி டங்ஸ்டன் தொகுதி' என்ற பெயரில் மத்திய அரசால் சுரங்கத்துக்கு ஏலம் விடப்பட்ட செய்தி வந்தது. மனிதன் தோன்றுவதற்குப் பல கோடி ஆண்டுகள் முன்பே உருவான பாறை; வரப்போகும் காலத்தின் தேவைக்கென்று கேட்கப்படும் உலோகம். இரு முனைகளும் அந்த மலையடியில் வந்து முட்டிக்கொண்டன. டிசம்பர் 9 அன்று சட்டமன்றம் எதிர்ப்புத் தீர்மானம் நிறைவேற்றியது. 2025 ஜனவரி 7 அன்று மேலூர்ப் பகுதி மக்கள் மதுரையை நோக்கிப் பேரணியாகப் புறப்பட்டார்கள்.

அதற்கு முந்தைய நாள் முதுகலை மாணவி ஒருத்தி விடுப்புக் கடிதத்தோடு என் அறைக்கு வந்தாள். அப்பகுதியைச் சேர்ந்தவள். உழவுக் குடும்பம். மறுநாள் உள்மதிப்பீட்டுத் தேர்வு. கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு, ஆறுதலாக இருக்கட்டும் என்று எண்ணி, "கல்வெட்டுக்கெல்லாம் ஒன்றும் ஆகாதம்மா. அவை பாதுகாக்கப்பட்ட சின்னங்கள்" என்றேன்.

அவள் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, "கல்வெட்டு இருக்கும் ஐயா. அதைக் காட்டுறதுக்கு ஊர்ல ஆள் இருக்கமாட்டாங்க" என்றாள்.

கையெழுத்திட்டுக் கொடுத்தேன். நான் செல்லவில்லை. மறுநாள் தேர்வு அறையில் மேற்பார்வையாளனாக நடந்துகொண்டிருந்தேன். வினாத்தாளின் முதல் வினா முதற்பொருள் பற்றியது. நிலத்தையும் பொழுதையும் சேர்த்தே முதற்பொருள் என்கிறது தொல்காப்பியம். நானே தயாரித்த வினாத்தாள்தான்.

ஜனவரி 23 அன்று ஏலம் ரத்து செய்யப்பட்டதாக மத்திய அரசு அறிவித்தது. மாசி மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாணவர்களை அழைத்துக்கொண்டு அரிட்டாபட்டிக்குப் போனேன். இம்முறை வழிகாட்டியவள் அவள்தான். எந்தச் சுனையில் கோடையிலும் நீர் நிற்கும், எந்தப் பாறை இடுக்கில் வல்லூறு கூடு கட்டும் என்று சொல்லிக்கொண்டே முன்னால் நடந்தாள். ஆடு மேய்த்துக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர் அவளைப் பார்த்து, "வாத்தியாரா ஆத்தா? மேல கூட்டிட்டுப் போயி நல்லாக் காட்டு" என்றார்.

தீர்த்தங்கரர் திருமேனியின் கீழே நின்று வட்டெழுத்தை அவள் வாசித்தாள். விரல் பாறையில் படாமல் எழுத்தெழுத்தாக நகர்ந்தது. அக்கல்வெட்டின் முடிவில், அத்திருமேனி பாதிரிக்குடியாரின் காவலில் விடப்படுவதாக ஒரு தொடர் வரும். பாதிரிக்குடி என்பது அவ்வூரின் பழம்பெயர். கல்வெட்டுகளில் வழக்கமாக வரும் முடிவுத் தொடர் என்று ஒரே வரியில் பல ஆண்டுகளாக நான் கடந்துபோன இடம் அது. அவள் அங்கே வந்ததும் நின்று, நண்பர்களைத் திரும்பிப் பார்த்து, "இது எங்க ஊரு" என்றாள்.

ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் துறவி ஒருவர் ஓர் ஊராரிடம் ஒப்படைத்த பொறுப்பு அது. பெயர் மாறி, அரசுகள் மாறி, வழிபடும் தெய்வமும் மாறிய பிறகு, அவ்வூர் மக்கள் அப்பொறுப்புக்காக நெடுஞ்சாலையில் நடந்திருக்கிறார்கள். போர்ஹேயின் கதையில் அந்த வீடு இறுதியில் இடிக்கப்படுகிறது. இங்கே இடிக்க விடவில்லை.

எல்லாம் முடிந்துவிட்டது என்று சொல்ல எனக்குத் துணிவில்லை. டங்ஸ்டன் பாறைக்கடியில் அப்படியேதான் இருக்கிறது. இன்னொரு நாள் இன்னொரு வரைபடம் வரக்கூடும். அன்று நான் எங்கே இருப்பேன் என்பதுதான் எனக்கு முன்னுள்ள கேள்வி. இறங்கும்போது அவளிடம், அந்தத் தேர்வை அவளுக்குத் தனியாக வைப்பதாகச் சொன்னேன். "முதற்பொருள் கேள்வி வேண்டாம் ஐயா, எல்லாரும் சொல்லிட்டாங்க" என்று சிரித்தாள். நானும் சிரித்தேன். அந்த வினாவுக்கான விடையை அவளிடமிருந்துதான் கற்றேன் என்பதை அப்போது சொல்லியிருக்கலாம்.