கைக்கு முன்னே வந்த வாள்

மந்திர வாள் ஒன்று கைக்குக் கிடைத்தால் அதை என்ன செய்யவேண்டும்? அறுபது வயதைக் கடந்த ஓய்வுபெற்ற விஞ்ஞான ஆசிரியன் ஒருவன் யோசிக்கவேண்டிய கேள்வியா இது என்று வாசகர்கள் நகைக்கலாம். நானும் முதலில் நகைத்தவன்தான். ஆனால் 2022ஆம் ஆண்டின் ஒரு மாலைப் பொழுதில், புல்மோட்டையில் என் தங்கையின் வீட்டில் அமர்ந்து, அந்தக் கேள்விக்கு நான் மெய்யாகவே விடை தேட நேர்ந்தது. அந்த விடையில் ஒரு கணினியின் கதியும் ஒரு பிள்ளையின் மனமும் தங்கியிருந்தன.

அந்த ஆண்டை இலங்கையில் யார்தான் மறப்பார்? எரிபொருளுக்கு வரிசை, எரிவாயுவுக்கு வரிசை, நாட்டைவிட்டுப் போகக் கடவுச்சீட்டுக்கும் வரிசை. மார்ச் மாத இறுதியில் ஒரே நாளில் 13 மணி நேரம் மின்சாரம் நின்றது. மண்ணெண்ணெய் கிடையாமல் கரையோரத்து வள்ளங்கள் மணலில் ஏறிக் கிடந்தன. என் மைத்துனருக்குக் கடல்தான் தொழில். தொழில் நின்றுபோன வீட்டில் விற்பதற்கு என்ன உண்டு என்று தேடியபோது, எல்லோர் கண்ணும் அறையின் மூலையில் இருந்த பழைய கணினியின்மேல் விழுந்தது. கத்தாரிலிருந்து திரும்பிய ஒருவரிடம் கடனுக்கு வாங்கியது அது.

“காக்கா, படிப்புக்கு உதவும் என்றுதான் வாங்கிக் கொடுத்தோம். உங்கள் மருமகனோ மின்சாரம் வந்தால் போதும், பேயோடு வாள் சுழற்றிக்கொண்டு இருக்கிறான். நீங்கள் ஒரு சொல் சொன்னால் விற்றுவிடலாம். நாங்கள் சொன்னால் மனமுடைந்து போவான்” என்றாள் தங்கை.

நீதிபதிக்குரிய மிடுக்கோடு அறைக்குள் நுழைந்தேன். மருமகனுக்கு அப்போது பதினேழு வயது. உயர்தர வகுப்பு மாணவன். என்னைக் கண்டதும் விளையாட்டை நிறுத்த முயன்றான். “நிறுத்தாதே மகன். முதலிலிருந்து காட்டு” என்று சொல்லி, ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்தேன்.

விளையாட்டின் பெயர் ‘மோரோவிண்ட்’. அமெரிக்காவின் பெதஸ்டா நிறுவனம் 2002இல் வெளியிட்டது. அந்தப் பழைய இயந்திரத்தால் தாங்கக்கூடியது அதுதான். வாங்கும்போதே உள்ளே இருந்ததாம். கதை ஒரு சிறு துறைமுகக் கிராமத்தில் தொடங்குகிறது. கப்பலிலிருந்து ஒரு கைதி இறக்கப்படுகிறான். அதிகாரி ஒருவர் அவன் பெயரையும் குலத்தையும் ஏட்டில் பதிந்து விடுதலை செய்கிறார். அவ்வளவுதான். அதன் பின்னர் பரந்த தீவு முழுவதும் அவன் முன்னே திறந்து கிடக்கிறது. எத்திசையிலும் போகலாம், எக்கதவையும் தட்டலாம். இத்தகைய விளையாட்டுகளைத் ‘திறந்த உலகம்’ என்கிறார்கள். இன்றைய விளையாட்டுகள் பலவற்றில் செல்லவேண்டிய இடத்தை ஓர் அம்புக்குறி காட்டுமாம். இதிலோ அதுவும் இல்லை. ஊரார் வாயால் சொல்லும் வழியைக் கேட்டு, குறிப்பேட்டில் படித்து, பாலத்தையும் பாறையையும் அடையாளம் கண்டு நடக்கவேண்டும். எல்லாம் ஆங்கிலம். அவன் மேசையில் ஓர் அகராதி விரிந்து கிடந்ததை அப்போதுதான் கவனித்தேன்.

அந்தக் கிராமத்தை விட்டு வெளியேறுமுன்பே முதலாவது மந்திரப் பொருள் கிடைத்துவிடுகிறது. முற்றத்துப் பீப்பாய் ஒன்றினுள் ஒரு மோதிரம். காயத்தை ஆற்றும் சக்தி உடையது. வெறுங்கையனுக்கு அது பெரும் பாக்கியமல்லவா? ஆனால் வெளியே வந்தவுடன், பார்கோத் என்னும் எளிய மனிதன் ஒருவன் எதிர்ப்பட்டு, தன் மோதிரம் காணாமற்போனதைச் சொல்லி வருந்துகிறான். கொடுக்கலாம், கொடாமலும் போகலாம். யாரும் கேட்கப்போவதில்லை.

“நீ என்ன செய்தாய்?” என்று கேட்டேன்.

“கொடுத்துவிட்டேன், மாமா.”

“உனக்குப் பயன்பட்டிருக்குமே?”

“அது அவனுடையது அல்லவா?” என்றான், வேறு விடை உண்டா என்பவனைப்போல. நீதிபதியின் மிடுக்கு எனக்குச் சற்றே தளர்ந்தது.

அடுத்து வந்ததுதான் வாளின் கதை. கள்ளக்கடத்தற்காரரின் குகையொன்றில் ஒரு பெட்டிக்குள் தீப்பொறி மந்திரம் ஏற்றிய சிறு வாள் அவனுக்குக் கிடைத்திருக்கிறது. ஆனால் அவன் படைத்த வீரனுக்குக் கோடரிதான் பழக்கம். மோரோவிண்டில் ஒரு விசித்திர விதி உண்டு. கண்ணெதிரே வாள் எதிரியின் உடலைத் தொட்டாலும், வீசுகிறவனுக்கு அந்த ஆயுதத்தில் பயிற்சி இல்லையென்றால் அடி படவில்லை என்றே கணக்கு. களைத்திருந்தால் இன்னும் மோசம். பத்து வீச்சில் எட்டு வீணாயிற்று. “உதவாத வாள்” என்று எண்ணி, கிராமத்துக் கடைக்காரனிடம் விற்று, அந்தப் பணத்தில் பளபளப்பான உருக்குக் கோடரி ஒன்றை வாங்கிக்கொண்டான்.

கோடரியோடு மூதாதையர் கல்லறைக் குகை ஒன்றினுள் இறங்கினான். ஓர் ஆவி எழுந்து வந்தது. வெட்டினான், கோடரி புகையை வெட்டியதுபோல் கடந்து சென்றது. ‘உன் ஆயுதத்தால் பயனில்லை’ என்னும் பொருள்பட ஒரு வாசகம் திரையில் தோன்றியது. அந்த உலகில் ஆவிகளைச் சாதாரண இரும்பு தீண்டாது. மந்திரம் ஏற்றிய ஆயுதம் வேண்டும்; வெள்ளி வேண்டும்; அல்லது அரிய வேறு உலோகம் வேண்டும். இந்த விதி பெதஸ்டாவின் கண்டுபிடிப்பும் அன்று. 1974இல் கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னெசனும் அமெரிக்காவில் வெளியிட்ட ‘டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’ என்ற மேசை விளையாட்டிலேயே, மந்திர ஆயுதத்துக்கு மட்டும் அஞ்சும் பூதங்கள் இருந்தன. ஆகவே இத்தகைய விளையாட்டுகளில் தொடக்கத்திலேயே ஒரு மந்திர ஆயுதத்தைத் தேடிக்கொள்வது பேராசையன்று, தேவை. அது சிறிதாயினும் போதும். அது இல்லாதவனுக்குச் சில கதவுகள் திறந்திருந்தும் அடைத்தவையே.

“பிறகு?”

“கடைக்குத் திரும்பி ஓடினேன். வாள் அங்கேயே இருந்தது. ஆனால் நான் விற்ற விலைக்கு அவன் தரவில்லை, மாமா. கோடரியையும் கொடுத்து, மேலும் பணம் சேர்த்துத்தான் மீட்டேன்.”

இதைக் கேட்டபோது என் மனம் விளையாட்டைவிட்டுச் சன்னலுக்கு வெளியே சென்றது. காரணம் உண்டு.

திருகோணமலைப் பட்டினத்திலிருந்து வடக்கே 50 கிலோமீட்டருக்கு மேல் பயணம் செய்தால் புல்மோட்டை. எங்கள் கரையின் மணல் கறுப்பு. பருவக்காற்று வீசும் மாதங்களில் அலை அதைக் கொண்டுவந்து புதிதாகச் சேர்க்கும். சிறுவயதில் உடைந்த ஒலிபெருக்கியின் காந்தத்தைக் கயிற்றில் கட்டி அந்த மணலில் இழுத்துச் செல்வோம். முள்ளம்பன்றிபோல் காந்தம் சிலிர்த்துக்கொள்ளும். அதற்குமேல் அந்த மணலைப்பற்றி நாங்கள் அறிந்தது ஒன்றுமில்லை. அதில் பெரும்பகுதி இல்மனைட். கூடவே உரூட்டைல், சிர்க்கோன். 1957இல் இதற்கென்றே அரசாங்கம் ஒரு கூட்டுத்தாபனத்தை நிறுவியது. காந்தத்தாலும் மின்புலத்தாலும் மணிகளை வகைபிரித்துக் கப்பலேற்றினார்கள். இல்மனைட்டிலிருந்து வெளிநாட்டார் வெண்ணிறத்தூள் செய்கிறார்கள். அது சுவர்ப் பூச்சிலும் காகிதத்திலும் சேர்கிறது. நாமோ மணலை அனுப்பிவிட்டு, தூளை விலைகொடுத்து இறக்குமதி செய்கிறோம். விற்ற வாளைக் கூடிய விலைக்கு மீட்கிற கதை எங்கள் ஊருக்குப் புதிதன்று!

விஞ்ஞான ஆசிரியனாக இருந்த காலத்தில் அந்தக் கறுப்பு மணலை வகுப்புக்கு எடுத்துச்சென்று ஒரு வரலாறு சொல்வேன். இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியில் வில்லியம் கிரெகர் என்ற பாதிரியார் ஒருவர் வாழ்ந்தார். ஓடைக்கரையில் காந்தத்துக்கு இழுபடும் கறுப்பு மணலைக் கண்டு, ஆராய்ந்து, அதில் இதுவரை அறியாத ஒரு மூலகம் உண்டென்று 1791இல் அறிவித்தார். 1795இல் ஜெர்மானிய அறிஞர் கிளாப்ரொத் அதற்குத் டைட்டேனியம் எனப் பெயரிட்டார். ஆனால் அந்த உலோகத்தைத் தூய்மையாகப் பிரித்தெடுக்க 1910ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது. கைத்தொழிலுக்கு ஏற்ற முறை வந்தது 1940களில்தான். இன்று ஆகாய விமானத்திலும், முறிந்த எலும்பைத் தாங்கும் கம்பியிலும் அது இருக்கிறது. வாள் வந்து நூறு ஆண்டுகளுக்குப் பின்னரே அதைப் பிடிக்கும் கை வந்தது. இடையிலே யாராவது “உதவாத மணல்” என்று குறிப்பேட்டைக் கிழித்தெறிந்திருந்தால்?

மருமகன் என் மௌனத்தைக் கோபமென்று நினைத்தான்போலும். என்னைச் சிரிக்கவைக்க இன்னொன்றைக் காட்டினான். கிராமத்திலிருந்து வெளியேறும் பாதையில் ஒரு மந்திரவாதி அலறிக்கொண்டு வானத்திலிருந்து விழுந்து இறக்கிறான். அவனிடம் மூன்று மந்திரச் சுருள்கள். ஒன்றைப் படித்துவிட்டுக் குதித்தால் மலைகளைத் தாண்டிப் பறக்கலாம். என் மருமகனும் படித்தான், குதித்தான், முகில்களினூடே பறந்தான். ஆனால் அந்த மந்திரத்தின் ஆயுள் சில விநாடிகளே. தரையை நெருங்கும்போது அது தீர்ந்துவிட்டிருக்கும். மந்திரவாதி எப்படி இறந்தான் என்பது அப்போதுதான் விளங்குமாம்! இறங்குமுன் இன்னொரு சுருளைப் படிக்கத் தெரிந்தவனே பிழைப்பான். இருவரும் வாய்விட்டுச் சிரித்தோம்.

சிரிப்பினூடே எனக்குக் கர்ணனின் நினைவு வந்தது. கவசகுண்டலத்தைக் கொடுத்து அவன் இந்திரனிடம் பெற்ற சக்தி ஆயுதம் ஒருமுறைக்கு மேல் உதவாது. அருச்சுனனுக்கென்று காத்துவைத்ததைக் கடோற்கசன்மேல் எறிய நேர்ந்தது. மந்திர ஆயுதம் என்றாலே ஓர் எல்லை உண்டு என்பதை நம் முன்னோர் அறிந்திருந்தார்கள். மோரோவிண்டின் வாளிலும் அடிக்கு அடி சக்தி குறையும். பொறுத்திருந்தால் மெல்ல மெல்லத் திரும்ப ஊறும். 2017இல் வெளிவந்த ஜப்பானிய விளையாட்டான ‘செல்டா: பிரெத் ஆப் தி வைல்ட்’டில் இன்னும் அழகான ஏற்பாடு ஒன்று உண்டென்று மருமகன் சொன்னான். தலைசிறந்த வாள் காட்டினுள் கல்லில் செருகியிருக்கிறது. ஆரம்பத்திலேயே எவனும் அங்கே போகலாம். ஆனால் வாளை உருவ உருவ அது வீரனின் உயிர்ச்சக்தியைக் குடிக்கும். பதின்மூன்று இதயங்களைச் சேர்த்தவனே அதை உருவ முடியும். வாள் காத்திருக்கும், கைதான் வளர்ந்து வரவேண்டும்.

“இப்போது அந்தச் சிறு வாள் எப்படி?” என்று கேட்டேன்.

“இப்போது பத்தில் ஆறு படுகிறது, மாமா. வீச வீசத்தான் பயிற்சி ஏறும். விற்காமலே வைத்திருந்தால் இந்நேரம் பத்தும் பட்டிருக்கும்.”

அத்தோடு மின்சாரம் நின்றது. இருட்டில் இருவரும் சற்றுநேரம் பேசாமல் இருந்தோம். பிறகு அவனே சொன்னான்: “கணினியை விற்கத்தான் வந்தீர்கள் என்று தெரியும். உம்மாவுக்குக் காசு வேண்டுமென்றால் விற்கச் சொல்லுங்கள். நான் ஒன்றும் சொல்லமாட்டேன்.”

மோதிரத்தைத் திருப்பிக் கொடுத்தவனின் குரல் அது.

விறாந்தைக்கு வந்து தங்கையிடம் என் தீர்ப்பைச் சொன்னேன். “விற்காதே. அவன் விளையாட்டைக் குறைக்க நான் பொறுப்பு. ஆனால் இந்தக் கருவி அவன் கைக்கு முன்னே வந்துவிட்டது. கை பின்னால் வரும். இப்போது விற்றால் பிறகு இந்த விலைக்கு வாங்க முடியாது.”

குப்பிவிளக்கின் வெளிச்சத்தில் அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். “கையே வராவிட்டால், காக்கா?”

முப்பது ஆண்டுகள் பிள்ளைகளுக்குப் பாடம் சொன்ன எனக்கு இந்த வினாவுக்கு விடை தெரியவில்லை. எத்தனையோ பிள்ளைகளுக்குக் கை வராமலே போனதையும் நான் கண்டிருக்கிறேன். “அதை நாம் இருவரும் பார்த்துக்கொள்வோம்” என்று மட்டும் சொன்னேன்.

அந்த ஆண்டு தங்கையின் ஒரு சோடிக் காப்பு அடகுக்குப் போயிற்று. கணினி மூலையிலேயே இருந்தது. மருமகன் உயர்தரப் பரீட்சையை எழுதினான். பெறுபேறு நாங்கள் விரும்பிய அளவுக்கு இல்லை. மீண்டும் எழுதினான். இப்பொழுது திருகோணமலையில் கணினித்துறைப் பாடநெறி ஒன்றைப் படித்துக்கொண்டே, பகுதிநேரமாகக் கணக்கேடுகளைத் தட்டச்சுச் செய்து சிறிது சம்பாதிக்கிறான். சென்ற பெருநாளுக்கு வந்தபோது, வட்டியும் முதலும் கட்டி ஒரு காப்பை மீட்டுவந்து தாயின் கையில் போட்டான்.

“விற்றதைவிட மீட்பதற்குத்தான் அதிகம், மாமா” என்று என்னைப் பார்த்துச் சிரித்தான்.

மற்றக் காப்பு இன்னும் மீளவில்லை. தங்கை ஒற்றைக் காப்போடுதான் நடமாடுகிறாள். ஏன் என்று கேட்கிறவர்களிடம், “மற்றது வந்துகொண்டிருக்கிறது” என்கிறாள்.