500 காசும் அம்மாவின் அஞ்சறைப்பெட்டியும்

இது கொஞ்சம் நீளமான பதிவு. அடுப்பில் ஏதாவது இருந்தால் அணைத்துவிட்டு வந்து வாசியுங்கள்.

போன வாரம் நாகர்கோவிலில் ஒரு கல்யாண வீடு. என்னிடம் மூன்றாம் வகுப்பு படித்த பெண் ஒருத்தி, இப்போது அவளுக்கே கல்லூரியில் படிக்கிற பிள்ளை, பந்தியில் பக்கத்தில் உட்கார்ந்து மெதுவாகக் கேட்டாள்: "டீச்சர், ராத்திரி பதினோரு மணிக்கும் ஆன்லைன்ல இருக்கீங்களே, தூக்கம் வரலியா?" நான் உண்மையைச் சொன்னேன். "கேம் விளையாடுறேன் பிள்ளே." அவள் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே! மறுநாளே மஸ்கட்டில் இருந்து தம்பி போன் போட்டான். "அக்கா, பென்ஷன் காசை அதுல கொண்டு போட்டிராத. ரம்மி ஆடி எத்தன குடும்பம் நடுத்தெருவுக்கு வந்திருக்கு தெரியுமா?"

ஆகவே எல்லாருக்கும் பொதுவாகச் சொல்லிவிடுகிறேன். இது ரம்மி இல்லை. வாங்கும்போது ஒரு தடவை காசு கொடுத்ததோடு சரி. அதற்குப் பிறகு என் பென்ஷனில் இருந்து ஒரு பைசா போகவில்லை. இதன் பெயர் ஸ்டார்டியூ வேலி. விவசாயம் பார்க்கிற விளையாட்டு. பெங்களூரில் ஒன்பதாம் வகுப்பு படிக்கிற என் பேரன் லீவுக்கு வந்தபோது டேப்லெட்டில் ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போனான். "ஆச்சி, நீங்க சும்மா செய்தி சேனல் பாத்து டென்ஷன் ஆகுறதுக்கு இத ஆடுங்க" என்றான்.

அமெரிக்காவில் எரிக் பரோன் என்ற ஒரே ஆள் நாலு வருஷத்துக்கு மேல் தனியாக உட்கார்ந்து செய்த விளையாட்டாம். படம், பாட்டு, கதை எல்லாம் அவரே. 2016 பிப்ரவரியில் கம்ப்யூட்டருக்கு வந்தது, பிறகு போனுக்கும் வந்தது. கதை இதுதான். சாகக் கிடக்கும் தாத்தா, ஒட்டிய கடிதம் ஒன்றைப் பேரப்பிள்ளை கையில் கொடுக்கிறார். மனசு ரொம்ப சோர்ந்துபோகும் நாளில்தான் பிரிக்க வேண்டும் என்கிறார். பிள்ளை வளர்ந்து ஒரு பெரிய கம்பெனி ஆபீசில் மேசையும் கம்ப்யூட்டருமாக வாடிப்போன ஒரு நாளில் அதைப் பிரிக்கிறது. உள்ளே தாத்தாவின் பண்ணைக்கான பத்திரம். வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வருகிறது. பண்ணை முழுக்கக் கல்லும் மரமும் களையும்தான். கையில் 500 காசு. ஊர்த் தலைவர் இனாமாகத் தந்த பார்ஸ்னிப் விதை 15. அது வெள்ளைக் கேரட் மாதிரி ஒரு கிழங்கு.

ஆரம்பத்தில் பண்ணைக்கு ஒரு பெயர் கேட்கும். நான் என் அப்பா பெயரைப் போட்டேன்.

தேரூர் பக்கம் அப்பாவுக்குக் கொஞ்சம் வயல் இருந்தது. கன்னிப்பூ, கும்பப்பூ இரண்டு பூவும் நெல். நான் வயக்காட்டு வீட்டில் பிறந்தவள், எனக்கு எவன் விவசாயம் சொல்லித்தர வேண்டும் என்ற திமிரோடுதான் இறங்கினேன். கடைக்காரன் பெயர் பியர். பார்ஸ்னிப் விதை 20 காசு, நாலு நாளில் விளையும், கிழங்கு 35 காசுக்குப் போகும். உருளை விதை 50, ஆறு நாள், விலை 80. காலிஃபிளவர் விதை 80, பன்னிரண்டு நாள், விலை 175. கணக்கு டீச்சர் இல்லையா? ஒரு செடிக்கு 95 லாபம் எதில் என்று பார்த்தேன். 480 காசுக்கு ஆறு காலிஃபிளவர் விதை வாங்கி நட்டேன். மிச்சம் 20 காசு.

பேரன் வீடியோ காலில் பார்த்துத் தலையில் கை வைத்தான். "ஆச்சி! எல்லாத்தையும் காலிஃபிளவர்லயா போட்டீங்க? பன்னெண்டு நாளைக்கு என்ன பண்ணுவீங்க?"

"காத்திருப்பேன். உங்க பூட்டன் நாலு மாசம் காத்திருந்தாரு" என்றேன்.

ஐந்தாம் நாள் இனாம் விதை 15-ம் விளைந்தது, 525 காசு. மறுநாளே 500-க்குப் பத்து உருளை விதை வாங்கி நட்டேன். கையில் 45. ஒரு நாள் கடலோரத்தில் மீன் பிடிக்கப் போனேன். வில்லி என்ற மீன்காரர் இரண்டாம் நாளே ஒரு மூங்கில் தூண்டில் இனாமாகத் தருவார். ஆனால் அந்தப் பச்சைப் பட்டையை மீனோடு சேர்த்துப் பிடிக்க இந்த விரல்களுக்கு வேகம் போதவில்லை. தூண்டிலை வீசி வீசி உடம்புத் தெம்பெல்லாம் தீர்ந்தது, மீன் ஒன்றும் இல்லை. அன்று தண்ணீர் ஊற்றாமல் படுத்துவிட்டேன். இந்த விளையாட்டில் தண்ணீர் இல்லை என்றால் பயிர் வாடாது, ஆனால் அந்த நாள் வளர்ச்சி இருக்காது. எல்லாம் ஒரு நாள் தள்ளிப்போயிற்று.

அந்த ஒரு நாளில்தான் விஷயம் இருக்கிறது. வசந்தம் 13-ம் தேதி ஊரில் முட்டைத் திருவிழா. அன்று மட்டும் ஸ்ட்ராபெரி விதை விற்கும், ஒன்று 100 காசு. அன்று ராத்திரியே நட்டுத் தண்ணீர் விட்டால் 28 நாள் பருவம் முடிவதற்குள் இரண்டு தடவை பறிக்கலாம், பழம் ஒன்று 120. ஆனால் என் உருளை 13-ம் தேதி காலையில்தான் விளைந்தது. காலிஃபிளவர் 14. வீட்டு வாசலில் ஒரு மரப்பெட்டி உண்டு. விளைந்ததை அதில் போட்டால் ராத்திரி வந்து எடுத்துக்கொண்டு போவார்கள், காசு மறுநாள் விடிந்தால்தான். திருவிழா அன்று பியர் கடையும் பூட்டு. வயலில் 1,850 காசு நிற்கிறது, திருவிழாவில் கைவீசிக்கொண்டு நிற்க வேண்டியதுதான்.

ஆனால் அன்று என் கையில் 385 காசு இருந்தது. எப்படி என்று சொல்கிறேன்.

பண்ணைக்கு வெளியே காட்டுப் பாதையில் அங்கங்கே என்னவோ முளைத்துக் கிடக்கும். பத்தாம் தேதி வரைக்கும் அதைக் களை என்று நினைத்துத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தேன். பேரன்தான் சொன்னான். "ஆச்சி, அதக் குனிஞ்சு எடுங்க. அதுக்கும் காசு." வெங்காயத்தாள் மாதிரி இருக்கிற லீக் 60 காசு. குதிரைமுள்ளங்கி 50. டேன்டிலியன் 40. மஞ்சள் டாஃபடில் பூ 30. விதை வாங்கி, குழி வெட்டி, நாலு நாள் தண்ணீர் சுமந்த பார்ஸ்னிப்புக்கு 35. சும்மா வழியில் கிடந்த லீக்குக்கு 60! மூன்று நாளில் இரண்டு லீக், மூன்று டாஃபடில், ஒரு குதிரைமுள்ளங்கி, இரண்டு டேன்டிலியன் பொறுக்கினேன். 340 காசு. அதில்தான் மூன்று ஸ்ட்ராபெரி விதை வாங்கினேன்.

அன்று ராத்திரி அந்த மூன்று செடிக்கும் தண்ணீர் விட்டுவிட்டு டேப்லெட்டை மூடி வைத்தேன். தூக்கம் வரவில்லை. 1977-ம் வருஷம் ஞாபகம் வந்துவிட்டது.

எனக்கு ஆசிரியர் பயிற்சிக்கு இடம் கிடைத்த நேரம் ஆடி மாசம். கன்னிப்பூ வயலில் பச்சையாக நிற்கிறது. அறுக்க இன்னும் இரண்டு மாசம் ஆகும். அறுத்தாலும் அது முழுக்க அப்பாவின் நெல் இல்லை. உரத்துக்கும் உழவுக்கும் வாங்கிய கடனுக்குக் களத்திலேயே அளந்து கொடுத்துவிட்டு, அடுத்த பூவுக்கு விதைநெல் எடுத்து வைத்துவிட்டு, சாப்பாட்டுக்கு ஒதுக்கினால் மிச்சம் கண்ணில் படாது. எல்லாரும் ஒரே நேரத்தில் அறுப்பதால் விலையும் அப்போதுதான் விழும். அப்பா திண்ணையில் உட்கார்ந்து, "அடுத்த வருஷம் பாப்போமா மக்கா?" என்று கேட்டார். அந்தக் குரல் இன்னும் காதில் இருக்கிறது.

அம்மா ஒன்றும் சொல்லவில்லை. உள்ளே போய் அஞ்சறைப்பெட்டியையும், அதற்குப் பின்னால் இருந்த இரண்டு பழைய டப்பாக்களையும் கொண்டுவந்து சுளகில் கவிழ்த்தாள். எல்லாம் சில்லறை. அஞ்சு பைசா, பத்துப் பைசா, நாலணா, எண்ணெய்ப் பிசுக்கு ஒட்டிய ஒற்றை ரூபாய் நோட்டுகள். கடுகும் வெந்தயமும் நடுவில் உருண்டன. உட்கார்ந்து எண்ணினோம். கட்ட வேண்டிய பணத்துக்கும் முதல் மாச பஸ்ஸுக்கும் சரியாக இருந்தது.

அது என்ன காசு என்று நான் அப்போது யோசிக்கவே இல்லை. இப்போது யோசிக்கிறேன். கோழி முட்டை. முடைந்த தென்னோலை. ஈர்க்கில் கிழித்துக் கட்டிய வாரியல். வரப்பில் கிள்ளிய வல்லாரையும் பொன்னாங்கண்ணியும். அடுப்புக்குப் போக மிச்சம் சேர்த்து விற்ற சிரட்டை. எல்லாம் சும்மா கிடந்தது என்று மற்றவர்கள் தாண்டிப் போனவை. அம்மா குனிந்து எடுத்தாள். அதை யாரும் வருமானம் என்று சொன்னதில்லை. எங்கள் வீட்டில் வருமானம் என்றால் நெல். குடும்ப அட்டையிலும் அம்மாவுக்குத் தொழில் என்று ஒன்றும் கிடையாது, "இல்லத்தரசி" அவ்வளவுதான்.

அப்பாவைக் குறைத்துச் சொல்லவில்லை. அவர் உழைப்பு இல்லாமல் எங்கள் வயிறு நிறைந்திருக்காது. அவருக்கு வாய்த்த விளையாட்டு வேறு. எனக்கு இந்த டேப்லெட்டில் விலை விழாது. கடன்காரன் வாசலில் வந்து நிற்பதில்லை. பெட்டியில் போட்டால் விடிந்ததும் காசு. அப்பாவுக்கு இதில் ஒன்றுகூடக் கிடைத்ததில்லை. நான் பதினோரு மணிக்கு மனசு லேசாகிப் படுக்கிறேன், அவர் ஏன் ஒருநாளும் அப்படிப் படுத்ததில்லை என்று இந்த வயதில்தான் எனக்குப் புரிகிறது.

இனி, இந்தப் பதிவை எழுத வைத்த விஷயத்துக்கு வருகிறேன்.

2018-ல் என் பணிநிறைவு விழாவுக்கு உங்களில் பலர் வந்திருந்தீர்கள். நான் மேடையில் பேசியது ஞாபகம் இருக்கிறதா? "என் தந்தை வயலில் பாடுபட்டு என்னை ஆசிரியை ஆக்கினார்" என்று சொன்னேன். எல்லாரும் கைதட்டினீர்கள். முதல் வரிசையில் உட்கார்ந்திருந்த அம்மாவும் கைதட்டினாள். வீட்டுக்கு வந்ததும், "நல்லாப் பேசுன மக்கா. அப்பா இருந்து கேட்டிருக்கணும்" என்றாள். வேறு ஒரு வார்த்தை இல்லை. 2021-ல் அம்மாவும் போய்விட்டாள்.

பொய் சொல்லவில்லை. ஆனால் ஒரு கணக்கில் பாதியை மட்டும் போட்டுக் காட்டிவிட்டேன். உங்கள் நோட்டில் அப்படி இருந்தால் சிவப்பு மையில் சுழித்திருப்பேன். எனவே அன்று மேடையில் சொன்னதை இங்கே திருத்துகிறேன்: நான் டீச்சர் ஆனது அம்மா பொறுக்கிச் சேர்த்த காசில்.

சரி, விளையாட்டை ஆரம்பிக்கிறவர்களுக்குச் சில குறிப்புகள். முப்பது வருஷத்துக்கு மேல் பாடம் எடுத்தவள், நம்பர் போடாமல் எனக்கு வராது.

1. 500 காசையும் ஒரே பயிரில் போடாதீர்கள். பாதியைச் சீக்கிரம் விளைகிற பார்ஸ்னிப்பில் போடுங்கள். நாலு நாளில் திரும்பி வரும் காசு, பன்னிரண்டு நாள் கழித்து வரும் பெரிய காசைவிட ஆரம்பத்தில் உதவும்.

2. முதல் நாளில் இருந்தே வழியில் முளைத்துக் கிடப்பதை எடுங்கள். கடற்கரையில் கிடக்கும் சிப்பிகூட 50 காசு. என்னைப் போலப் பத்து நாள் கழித்து விழித்துக்கொள்ளாதீர்கள்.

3. திருவிழாவுக்கு விற்க வேண்டியதை 12-ம் தேதி ராத்திரிக்குள் பெட்டியில் போட்டுவிடுங்கள். புதன்கிழமை பியர் கடை கிடையாது, அதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

4. 15 முதல் 18 வரை புதர்களில் சால்மன்பெர்ரி பழுக்கும். விலை அஞ்சு காசுதான். விற்காதீர்கள், தின்னுங்கள். தெம்பு வரும், இன்னும் கொஞ்சம் வேலை பார்க்கலாம்.

5. ராத்திரி இரண்டு மணிக்குள் வீட்டில் படுக்காவிட்டால் மயங்கி விழுவீர்கள், கையில் இருப்பதிலும் கொஞ்சம் போய்விடும். இது நிஜ வாழ்க்கைக்கும் சேர்த்துச் சொல்கிறேன், போனை வைத்துவிட்டுத் தூங்குங்கள்.

6. 2,000 காசு சேர்ந்ததும் பெரிய பை வாங்குங்கள். முதலில் தருகிற பையில் 12 சாமான்தான் கொள்ளும்.

ஒரு தடவை வைத்த பண்ணைப் பெயரை அப்படி எளிதாக மாற்ற முடியாதாம், பேரன் சொன்னான். அதனால் அப்பா பெயரில் உள்ள பண்ணை அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவிட்டு, புதிதாக இன்னொன்று தொடங்கினேன். அதற்கு அம்மா பெயர். இன்றைக்கு அங்கே வசந்தம் 6. காலிஃபிளவர் ஒன்றே ஒன்றுதான் நட்டிருக்கிறேன். காலையில் ஒரு லீக்கும் இரண்டு டாஃபடிலும் கிடைத்தன.

மஸ்கட்டில் இருக்கிற தம்பிக்கு: அந்தப் பழைய அஞ்சறைப்பெட்டி உன் வீட்டுப் பரணில்தான் இருக்கிறது என்று நினைக்கிறேன். பழைய இரும்புக்காரனுக்குப் போட்டுவிடாதே. அடுத்த லீவுக்கு வரும்போது எனக்கு எடுத்துத் தா.

மற்ற எல்லாருக்கும்: உங்கள் வீட்டில் இப்படிக் கணக்கில் வராத காசு யாருடையது என்று கீழே எழுதுங்கள். அவர்கள் உயிரோடு இருந்தால் இங்கே எழுதுவதற்கு முன்னால் அவர்களிடம் சொல்லுங்கள். நான் தாமதித்துவிட்டேன்.

அப்புறம், அந்த மீனை எப்படிப் பிடிப்பது என்று தெரிந்த பிள்ளைகள் யாராவது இருந்தால் டீச்சருக்குச் சொல்லித் தாருங்கள். இன்னும் ஒரு மீன்கூட மாட்டவில்லை.