துடைப்பம் பிடித்த கை

சாம் நுஜோமாவைப் பற்றிப் பேசுறவங்க பலரும் துப்பாக்கியிலிருந்துதான் தொடங்குறாங்க. எனக்கு அவர் கையிலிருந்த துடைப்பம்தான் முக்கியம். 1949-இல் விண்ட்ஹூக் வந்து, தென்னாப்பிரிக்க ரயில்வேயில் கூட்டித் துடைக்கிற வேலை பார்த்தார். ராத்திரிப் பள்ளியில் இங்கிலீஷ் படித்தார். எங்கப்பாவும் துடைப்பம் பிடித்துத்தான் எங்களைப் படிக்க வைத்தார். அந்த வரியைத் தாண்டிப் போக எனக்கு நேரமாச்சு.

விண்ட்ஹூக்கில் கறுப்பர்கள் வாழ்ந்த பழைய குடியிருப்பைக் காலி பண்ணி, தூரத்தில் கட்டுத்துராவுக்கு அவர்களைத் துரத்தப் பார்த்தது வெள்ளை அரசு. ஹெரேரோ மொழியில் அந்தப் பேருக்கு, நாம் வாழ விரும்பாத இடம் என்று அர்த்தம். பேர் வைக்கும்போதே காறித் துப்பியிருக்காங்க, பாருங்க. 1959 டிசம்பர் 10 அன்று எதிர்த்து நின்ற சனங்களைப் போலீஸ் சுட்டது. 11 பேருக்குக் குறையாமல் செத்தார்கள். அதில் அன்னா முங்குண்டா என்ற பெண்ணும் ஒருத்தர்.

1960-இல் நுஜோமா ஸ்வாப்போவின் தலைவரானார், நாட்டை விட்டும் போனார். ஏறக்குறைய 30 வருசம் வெளியே. 1990 மார்ச் 21-இல் நமீபியா விடுதலையானபோது அவர்தான் முதல் ஜனாதிபதி. மூன்றாம் முறையும் நிற்பதற்காக 1998-இல் அரசியல் சட்டத்தைத் திருத்தினார்கள். 2005-இல் இறங்கினார், 2025 பிப்ரவரியில் இறந்தார்.

இதோடு நிறுத்தினா அது துதிபாட்டு. 1980-களில் அங்கோலாவின் லுபாங்கோவில், ஸ்வாப்போ தன் தோழர்களையே உளவாளி என்று சொல்லி நிலக்குழிகளில் அடைத்தது. நூற்றுக்கணக்கான பேர், பலர் திரும்பவேயில்லை. துடைப்பம் பிடித்தவர் என்பதற்காக இதை விட்டுவிட எனக்கு மனசு வரல. அவங்களும் விடுதலைக்காக வீட்டை விட்டுப் போன பிள்ளைங்கதான்.