காவலூர் இராசதுரையும் ‘பொன்மணி’யும்

மட்டக்களப்பிலிருந்து திருகோணமலைக்குச் செல்லும் வீதியில், வாகரைக்குத் தெற்கே உள்ள மாங்கேணி போன்றதொரு கரையோர ஊரைக் களமாகக் கொண்டு திரைக்கதை எழுத முற்படும் ஒருவர், தம் பாத்திரங்களை எந்தத் தமிழிற் பேசவிடுவது என்ற வினாவை முதலிலேயே எதிர்கொள்ள நேரும். ‘பராசக்தி’ (1952) வெளிவந்த காலத்தில் தமிழகத்தில் வசனகர்த்தாவின் பெயர் நடிகர் பெயருக்கு நிகராக மதிக்கப்பட்டது. அந்த அடுக்குமொழிக்குப் பழகிய செவிகளுக்கு ஈழத்து வீட்டுப் பேச்சு திரைக்கு ஒவ்வாததாகவே நெடுங்காலம் தோன்றிற்று. இவ்வினாவைத் துணிந்து எதிர்கொண்டவர்களுள் காவலூர் இராசதுரை முக்கியமானவர்.

‘குழந்தை ஒரு தெய்வம்’ என்னும் தொகுதியால் அறியப்பட்ட சிறுகதையாசிரியர் அவர். வானொலியும் விளம்பரத்துறையும் அவருக்குச் சோறிட்டன. விளம்பரத் தொழிலை எழுத்துலகம் சற்று ஏளனமாகவே நோக்குவது வழக்கம். ஆயினும் சில வினாடிகளுக்குள் பொருளைச் செவியில் ஏற்றும் அப்பயிற்சி, திரைக்கதைக்கு வேண்டிய சொற்சிக்கனத்தை அவருக்கு அளித்திருக்கக்கூடும்.

தர்மசேன பத்திராஜாவின் இயக்கத்தில் அவருடைய ‘பொன்மணி’ 1977 இல் வெளிவந்தது. சீதனமும் சாதியும் நெருக்கும் யாழ்ப்பாணத்துக் குடும்பமொன்றின் இளைய மகள், சாதி கடந்து காதலித்ததற்கு உயிரை விலையாகக் கொடுக்கிறாள். இயக்குநர் சிங்களவர், ஆகவே அக்குடும்பத்தின் பேச்சும், அதனிலும் மேலாக அது பேசாது விழுங்கும் சொற்களும், எழுதியவரின் பொறுப்பாயின. வீட்டிலே மணமாகாதிருக்கும் மூத்தவளின் நிலையை விளக்க நீண்ட வசனம் எதற்கு? முற்றத்து நடமாட்டமும் ஓரிரு சொற்களும் போதும். இத்துணிவே படத்தின் பெருமை என்பது மிகையாகாது.

ஆனால் அத்துணிவுக்கு அரங்குகளில் ஆதரவு கிட்டவில்லை. படம் நீடித்து ஓடவில்லை. பாட்டும் சண்டையும் எதிர்பார்த்து வந்தோரைக் குறைகூறிப் பயனில்லை. அவர்களுக்கு வேறுவகைப் படம் காட்டப்பட்டதே அரிது. விமர்சகர்கள் பின்னர் அதனை உயர்வாக மதித்தனர். எனினும் காலந்தாழ்ந்து வந்த பாராட்டினால் அடுத்த படத்துக்கு முதலீடு திரட்ட இயலாது. 1983 ஜூலை வன்செயலிற் கலையகமும் படச்சுருள்களும் எரிந்தபின், ஈழத்துத் தமிழ்ச் சினிமாவுக்கு இருந்த சிறிய களமும் சிதைந்தது. பிற்காலத்தில் அவுஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்த இராசதுரை, 2014 இல் அங்கேயே மறைந்தார்.

அவர் திறந்த வழி யாழ்ப்பாணத்து முற்றத்தோடு முடிவதன்று. மாங்கேணிக் கதையில் வரும் பெண் ‘பிறகு’ என்பதை ‘மறுகா’ என்றே சொல்லவேண்டும். யாழ்ப்பாணத்துப் ‘பேந்து’ அவள் வாயில் ஒட்டாது. கைத்தொலைபேசியிலேயே படம்பிடிக்கக்கூடிய இன்று ஒளிப்பதிவுச் செலவு வெகுவாகக் குறைந்துவிட்டது. எழுதுவோருக்கான சோறு இன்னும் பெரும்பாலும் வேறொரு தொழிலிலிருந்தே வருகிறது.