பென்சிலால் எழுதும் பெயர்

டோக்கியோவின் நிஷிகசாய் பகுதிக்கு நான் குடிவந்தது 2007ஆம் ஆண்டின் வசந்தத்தில். அவ்வாண்டு ஜூலையில் ஒரு காலை, சரியாக எட்டு மணிக்கு, தெருவில் ஒரு பெண்குரல் ஒரு பெயரைச் சொல்லிக்கொண்டே போனது. கொள்கை இல்லை, வாக்குறுதி இல்லை. பெயர், அப்புறம் 'தயவுசெய்து', மீண்டும் அதே பெயர். சன்னலைத் திறந்து பார்த்தேன். சிறிய வண்டியின் கூரையில் ஒலிபெருக்கி. உள்ளிருந்து வெள்ளைக் கையுறை அணிந்த கைகள் யாருமற்ற தெருவை நோக்கி அசைந்துகொண்டிருந்தன. இந்தப் பெண்களுக்கு இங்கே 'உகுயிசு' என்ற பாடும் பறவையின் பெயரை வைத்திருக்கிறார்கள். நாமாக இருந்தால் குயில் என்றிருப்போம். காலை எட்டு மணித் தூக்கத்தில் எனக்கு அப்படித் தோன்றவில்லை என்பது வேறு விஷயம்.

பெயரை மட்டும் ஏன் இப்படிச் சொல்கிறார்கள் என்று அடுத்த வீட்டு அம்மையாரிடம் கேட்டேன். "நாங்கள் அதை எழுத வேண்டுமே" என்றார்.

சின்னத்தைப் பார்த்து வாக்களித்துப் பழகியவனுக்கு இது புரியச் சற்று நேரமாயிற்று. ஜப்பானின் மேலவைத் தேர்தலில் வாக்குச்சீட்டு வெறுமையாக இருக்கும். வேட்பாளர் பட்டியலைத் தடுப்பில் ஒட்டியிருப்பார்கள். ஆனால் தொகுதிக்கான சீட்டில் ஒரு பெயரை வாக்காளர் தன் கையால், பென்சிலால் எழுத வேண்டும். விகிதாசார முறைக்கான இரண்டாம் சீட்டில் கட்சியின் பெயரையும் எழுதலாம், வேட்பாளரின் பெயரையும் எழுதலாம். அதனால்தான் கடினமான சித்திர எழுத்துகளைப் பெயரில் கொண்டவர்கள், சுவரொட்டியில் பள்ளிப்பிள்ளை எழுதும் ஹிரகானாவுக்கு இறங்கி வந்துவிடுகிறார்கள். ஒரே குடும்பப்பெயர் கொண்ட இருவர் போட்டியிட்டு, வாக்காளர் அந்தக் குடும்பப்பெயரை மட்டும் எழுதிவிட்டால், அவ்வாக்கை அவர்கள் பெற்ற பிற வாக்குகளின் விகிதப்படி பங்கிடுவார்கள். முடிவுகளில் தசமப் புள்ளி வருவது இப்படித்தான். மனிதனின் விருப்பத்துக்குப் பின்னம் உண்டு என்று ஒப்புக்கொண்ட சட்டம் எனக்குப் பிடித்திருந்தது.

அந்தக் கோடையில் அம்மையாருக்கு வேறொரு பெயர்க் கவலை இருந்தது. சுமார் 5 கோடி ஓய்வூதியப் பதிவுகள் எவருடையவை என்று தெரியாமல் கிடக்கின்றன என்ற செய்தி நாட்டை உலுக்கிக்கொண்டிருந்த சமயம் அது. பழைய காகிதப் பதிவுகளைக் கணினியில் ஏற்றியபோது, ஒரே எழுத்துக்குப் பல உச்சரிப்புகள் உள்ள மொழியில், பெயர்கள் தவறாகப் பதிவாகியிருந்தன. திருமணத்தில் குடும்பப்பெயர் மாறிய பெண்கள் நிறையப் பேர் அகப்பட்டுக்கொண்டார்கள். அம்மையார் கன்னிப்பெயரில் நான்காண்டுகள் ஒரு தையற்கூடத்தில் வேலை பார்த்தவர். அந்த நான்காண்டுகள் காணவில்லை. "நான் உழைத்தேனா இல்லையா என்று நானே நிரூபிக்க வேண்டுமாம்" என்று அவர் சொன்னபோது குரலில் கோபத்தைவிட வெட்கமே அதிகமாக இருந்தது.

ஜூலை 29 அன்று லிபரல் ஜனநாயகக் கட்சி 37 இடங்களோடு வீழ்ந்தது. எதிர்க்கட்சியான ஜனநாயகக் கட்சி 60 பெற்றது. பிரதமர் ஷின்சோ அபே முதலில் விலக மறுத்தார், செப்டம்பரில் விலகினார். அம்மையார் எவர் பெயரை எழுதினார் என்று நான் கேட்கவில்லை.

மேலவை என்பது விசித்திரமான சபை. பிரபுக்கள் சபையை அகற்றிவிட்டு 1947இல் அந்த இடத்தில் அமர்த்தப்பட்டது. ஆறாண்டுப் பதவிக்காலம், மூன்றாண்டுக்கொருமுறை பாதிப்பேருக்குத் தேர்தல், கலைக்க வழியில்லை. அரசைக் கவிழ்க்கும் அதிகாரம் கீழவைக்கே உண்டு. ஆனாலும் 1989இல் உனோ, 1998இல் ஹாஷிமோட்டோ என்று பிரதமர்கள் மேலவைத் தோல்விக்குப் பின்தான் போனார்கள். ஆட்சியை மாற்றாமல் ஆள்பவரை அறைய மக்களுக்குக் கிடைத்த இடம் அது என்றே நான் நினைக்கிறேன்.

இந்தப் பதினெட்டு ஆண்டுகளில் ஆறு மேலவைத் தேர்தல்களைப் பார்த்திருந்தேன். வரி செலுத்துகிறேன், ஓய்வூதியத்துக்கும் கட்டுகிறேன், வாக்கு கிடையாது. அதில் எனக்குக் குறை இருந்ததில்லை. மழையை வேடிக்கை பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தேன். 2025இல்தான் முதன்முறையாக நனைந்தேன்.

அவ்வாண்டின் பிரச்சினை அரிசி என்றுதான் முதலில் நம்பியிருந்தேன். ஐந்து கிலோ நாலாயிரம் யென்னைத் தாண்டியிருந்தது. சோறின்றி வாழத் தெரியாத இரு இனத்தாரும் கடையில் ஒரே பெருமூச்சை விட்டுக்கொண்டிருந்தோம். பிரசாரம் சூடுபிடித்தபோது பேச்சு அரிசியிலிருந்து அந்நியர்களுக்கு நகர்ந்தது. சான்செய்தோ என்ற புதிய கட்சி 'ஜப்பானியரே முதலில்' என்றது. மற்றவர்களும் அந்நியர் பற்றிக் கொள்கை சொல்லத் தொடங்கினார்கள். ரயில் நிலைய வாசலில் ஓர் இளைஞர் ஒலிபெருக்கியில் பேசிக்கொண்டிருந்தார். பண்பாகவே பேசினார். அவருடைய வாக்கியங்களில் எழுவாயாக வந்தவன் நான். துண்டுப்பிரசுரம் கொடுத்த பெண் எனக்கு முன்னால் போனவருக்குக் கொடுத்தார், பின்னால் வந்தவருக்கும் கொடுத்தார். வாக்கில்லாதவனுக்குக் காகிதத்தை வீணாக்குவானேன்? நியாயம்தான். எத்தனையோ தேர்தல்களில் இப்படியே நடந்திருக்கிறது. அன்று மட்டும் கை வெறுமையாக இருப்பது தெரிந்தது.

ஜூலை 20, ஞாயிறு. அம்மையாருக்கு இப்போது எண்பத்தாறு வயது. தொடக்கப்பள்ளியில் வாக்குச்சாவடி. குடை பிடித்துக்கொண்டு வாசல்வரை கூடப் போனேன். கை நடுங்குகிறதே, எழுதித்தர அலுவலர்கள் உண்டே என்றேன். கேட்கவில்லை. பென்சிலால் எழுதினால் அழித்து மாற்றிவிடுவார்கள், பேனா கொண்டுபோங்கள் என்று ஒரு வதந்தி அப்போது இணையத்தில் சுற்றிக்கொண்டிருந்தது. அதைச் சொன்னதும், "என் பெயரைத் தொலைத்தது பென்சில் இல்லையே" என்று சிரித்தார். நான் வாசலிலேயே நின்றேன். பிள்ளைகளை அழைத்துக்கொண்டு தாய்மார் உள்ளே போனார்கள். அது அனுமதிக்கப்பட்டதுதான். திரும்பி வர அவருக்கு வெகுநேரமாயிற்று.

ஆளுங்கூட்டணி பெரும்பான்மைக்குத் தேவையான 50ஐ எட்டாமல் 47இல் நின்றது. சான்செய்தோ 14 இடங்கள் பெற்றது, டோக்கியோவிலும் ஒன்று. செப்டம்பரில் பிரதமர் இஷிபா விலகுவதாக அறிவித்தார்.

ஆனால் அதெல்லாம் பிறகு. தேர்தலுக்கு மறுநாள் காலை அழைப்புமணி அடித்தது. குடியிருப்போர் சங்கத்தின் சுற்றறிக்கைப் பலகையை ஏந்தி அம்மையார் நின்றிருந்தார். வீட்டுக்கு வீடு கைமாறிப் போகும் பலகை அது. கோடைத் திருவிழாவுக்கு நாற்காலி போட ஆள் தேவை என்றிருந்தது. பெயர்ப் பட்டியலில் அவர் பெயருக்குக் கீழே, 2007இல் அவரே கத்தகானாவில் எழுதிக்கொடுத்த என் பெயர். இரண்டாம் எழுத்து இன்றும் பிழைதான். திருத்தச் சொல்ல மனம் வந்ததில்லை. முத்திரை வைத்துவிட்டு, பலகையை அடுத்த வீட்டுக்குக் கொண்டுபோனேன்.