கழலும் காக்கிச் சட்டையும்

படப்பிடிப்புத் தளத்தில் கே. விசுவநாத் அணிந்தது காக்கி உடை. விளக்குகளைச் சுமப்பவரும் தச்சு வேலை செய்பவரும் அணிகின்ற அதே காக்கி. இயக்குநர் எங்கே என்று புதிதாக வருபவர் அவரிடமே வினவக்கூடிய கோலம் அது. தாமும் அங்கே ஒரு தொழிலாளியே என்னும் நினைவு நீங்காதிருக்க அவர் கொண்ட வழக்கம் அது.

குண்டூர் மாவட்டத்துப் பெதபுலிவர்ரு என்னும் சிற்றூரில் 1930 பிப்ரவரி 19 அன்று பிறந்தவர் அவர். பட்டப்படிப்பு முடித்துச் சென்னைக்கு வந்து, வாகினி ஸ்டூடியோவில் ஒலிப்பதிவுப் பிரிவில் சேர்ந்தார். கண்ணுக்கு முன் காதைப் பழக்கிய தொழில்! 1965-இல் ‘ஆத்ம கௌரவம்’ மூலம் இயக்குநரானார். ஆயினும் அவர் பெயரை இல்லந்தோறும் கொண்டு சேர்த்தது, 1980 பிப்ரவரி 2 அன்று வெளிவந்த ‘சங்கராபரணம்’.

அந்தப் படத்தின் நாயகர் முதியவர். சங்கர சாஸ்திரி என்னும் சங்கீத வித்துவான். அவராக நடித்த ஜே.வி. சோமயாஜுலு, வருவாய்த் துறையில் துணை ஆட்சியராகப் பணியாற்றியவர். நாடக மேடையில் தேர்ந்தவர். திரைக்கு ஏறக்குறையப் புதியவர். இசையமைத்தவர் நாகர்கோவில் கிருஷ்ணன்கோவிலைச் சேர்ந்த கே.வி. மகாதேவன். கரூரை அடுத்த நெரூரில் சமாதி கொண்டருளிய சதாசிவ பிரம்மேந்திரரின் கீர்த்தனையும், பத்ராசல ராமதாசரின் பாடலும் அதில் ஒலித்தன. முதல் நாட்களில் அரங்குகள் நிறையவில்லை. பிறகோ, தெலுங்கு அறியாத ஊர்களிலும் கூட்டம் திரண்டது. முறைப்படி கர்நாடக இசை பயிலாத எஸ்.பி. பாலசுப்பிரமணியத்துக்கு அப்பாடல்கள் தேசிய விருதைப் பெற்றுத் தந்தன.

சாஸ்திரிகள் ஆசாரம் மிக்கவர். ஆனால் கணிகையர் குலத்தில் பிறந்த துளசி என்னும் பெண், பெரும் கொடுமைக்கு ஆளாகி நின்றபோது, தம் இல்லத்தின் கதவை அவளுக்குத் திறந்துவிடுகிறார். ஊர் அவரை விலக்குகிறது. அவர் அசையவில்லை. ஆசாரத்துக்கும் கருணைக்கும் இடையே அவர் எதை விட்டார், எதைப் பற்றினார் என்று கேட்டால் விடை எளிதன்று. இரண்டையும் விடவில்லை என்றே தோன்றுகிறது. இறுதியில் மேடையில் பாடிக்கொண்டிருக்கையில் அவர் குரல் தளர்கிறது. துளசியின் மகன், அவரிடமே கற்ற சிறுவன், விட்ட இடத்திலிருந்து எடுத்துப் பாடுகிறான். தம் காலில் அணிந்திருந்த கழலைக் கழற்றி அந்தச் சிறுவனுக்கு அளித்துவிட்டுக் கண்ணை மூடுகிறார் சாஸ்திரிகள்.

இத்துடன் நின்றிருந்தால், குருவின் பெருமை பாடியவர் என்று மட்டுமே விசுவநாத் நினைக்கப்பட்டிருப்பார். பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 1992-இல், ‘ஸ்வாதி கிரணம்’ எடுத்தார். அதிலும் ஒரு வித்துவான். அதிலும் ஒரு சிறுவன். மம்மூட்டி நடித்த அனந்தராம சர்மாவுக்கு ஞானம் இருக்கிறது, புகழ் இருக்கிறது, பூசையும் இருக்கிறது. கங்காதரம் என்னும் பையனின் பாட்டைக் கேட்டதும் அவர் நெஞ்சில் பொறாமை புகுகிறது. பிள்ளையில்லாத அவர் மனைவி அந்தப் பையனைத் தன் மகனாகவே வளர்க்கிறாள். குருவின் மனம் அறிந்த நாளில் கங்காதரம் தன் உயிரையே விட்டுவிடுகிறான். வித்துவான் வீட்டை விட்டுப் போகிறார். பின்னொரு நாள் திரும்பி வந்து, சிறு பிள்ளைகள் பாட்டுக் கற்கும் இடத்தில், அவர்களோடு தாமும் ஒரு மாணவராக அமர்கிறார்.

சங்கர சாஸ்திரியைப் படைத்த கையே அனந்தராம சர்மாவையும் படைத்தது. முன்னதைப் பார்த்து உருகியவர்கள் பின்னதை அவ்வளவாகக் கொண்டாடுவதில்லை. அது இயல்புதான், தன் முகத்தைக் காட்டும் கண்ணாடியின் முன் நெடுநேரம் நிற்க யாருக்கும் விருப்பமிராது. எனினும், காக்கி உடுத்தியவரின் உள்ளத்தை அறிய விரும்புவோர் இரண்டையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

2016-ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது அவரைத் தேடி வந்தது. 2023-இல், ‘சங்கராபரணம்’ வெளிவந்த அதே பிப்ரவரி 2 அன்று, தொண்ணூற்றிரண்டாம் வயதில் அவர் இறைவனடி சேர்ந்தார். இரண்டு நாட்கள் கழித்து, சென்னையில் வாணி ஜெயராம் மறைந்தார். கங்காதரத்தின் பாட்டுக்கெல்லாம் குரல் கொடுத்தவர் அவர்தாம்.