தறிச் சத்தமும் இருமல் சத்தமும்

அனகாபுத்தூரின் அந்த நெசவாளர் தெருவில் ஒரு காலத்தில் விடிந்ததும் இரண்டு சத்தம் கேட்கும். ஒன்று தறி. இன்னொன்று இருமல்.

அவருக்கு இப்போது 68 வயது. 16 வயதில் தறிக்குழியில் கால் வைத்தவர். நைஜீரியாவுக்குக் கப்பலேறிய மெட்ராஸ் கட்டம் போட்ட துணிகளை நெய்தவர். பீடியும் அதே வயதில்தான் வந்தது. டீக்கடை பெஞ்சில் பெரியவர்கள் ஒரு பீடியை நீட்டினால், 'நீயும் இனி ஆம்பளை' என்று அர்த்தம். "நெருப்பு இருக்கா?" என்ற கேள்வியில்தான் பாதி சிநேகங்கள் ஆரம்பித்தன.

பீடி சீக்கிரம் அணைந்துவிடும். அணையாமலிருக்க அடிக்கடி இழுக்க வேண்டும். அதனால் உள்ளே போகும் புகையும் அதிகம். ஒரு நாளைக்கு ஒரு கட்டு என்பது அவருக்குக் கணக்கே இல்லை.

2008 அக்டோபர் 2 முதல் பொது இடங்களில் புகைபிடிக்கத் தடை வந்தது. ஆனால், வீடு பொது இடமில்லையே! டீக்கடையில் ஒளித்த பீடி, தறிக்குப் பக்கத்தில் தாராளமாகப் புகைந்தது. அங்கேதான் மனைவி உட்கார்ந்து தார் சுற்றுவார்.

ஒரு மழைக்காலத்தில் மனைவிக்கு மூச்சிரைப்பு. தாம்பரம் சானடோரியத்துக்கு அழைத்துப் போனார். 1928-ல் டாக்டர் சௌரி முத்து காசநோயாளிகளுக்காகத் தொடங்கிய இடம் அது.

"வீட்ல யாரும்மா புகை பிடிக்கிறாங்க?" என்று டாக்டர் கேட்டார்.

மனைவி பதில் சொல்லவில்லை. கணவர் பக்கம் திரும்பவும் இல்லை. அந்த மௌனம்தான் அவரைச் சுட்டது. பீடியைத் தொட்டே பார்க்காதவளின் நெஞ்சில், நாற்பது வருடமாக அவருடைய புகை சேர்ந்திருக்கிறது.

அன்றிரவே கட்டைத் தூக்கிப் போட்டார். முதல் வாரம் நரகம். கை நடுங்கியது, எரிச்சல் வந்தது, தறியில் இழை அறுந்தது. பீடிக் கட்டின் மேல் அச்சிட்டிருந்த 1800-11-2356 என்ற இலவச எண்ணுக்குப் பேத்திதான் போன் போட்டுக் கொடுத்தாள். ஆசை வரும்போதெல்லாம் தண்ணீர் குடித்தார், தெருவில் ஒரு நடை நடந்தார். மெல்ல மெல்லப் பழகியது.

மனைவிக்கு இரைப்பு குறைந்திருக்கிறது. முழுதாகப் போகவில்லை. மாடிப்படி ஏறினால் இன்றும் நடுவில் நின்றுதான் ஏறுகிறார். அவர் பின்னால் பொறுமையாக நிற்கிறார்.

டீக்கடை பெஞ்சை மட்டும் அவர் விடவில்லை. பழைய சிநேகிதர் யாராவது மறதியில் பீடியை நீட்டுவதுண்டு. 'என் உடம்புக்கு ஆகாது' என்று அவர் சொல்வதில்லை.

"வேணாம்ப்பா... அவளுக்கு ஆகாது" என்கிறார்.